வெத்தலக் கூடை டீச்சர்

சங்க மலருக்கு ஏதாச்சும் எழுதுங்கக்கானு சங்கத்து தம்பி ஃபோன் போட்டுட்டே இருக்கார், நாம 1965ல பர்மாவுல இருந்து கப்பல் ஏறி 60 வருஷம் ஆச்சாம், அவர்தான் கணக்கு போட்டு சொன்னார். மணியடிச்சதும் மொய்ங்கா (மீன் குழம்பு நூடுல்ஸ்) விக்கிறவகிட்ட ஓடினது, மழையில செருப்ப கையில தூக்கிட்டு வந்தது எல்லாம் உங்களுக்கே தெரியும், விடுங்க. நான் பெஞ்ச் மேல நின்ன கதைய மட்டும் சொல்றேன், அன்னைக்கு சிரிச்சவங்க இன்னொரு தடவ சிரிச்சுக்கோங்க.

ஹிஸ்டரி பீரியட். 1945 மார்ச் 27 பர்மா ராணுவம் ஜப்பான்காரனுக்கு எதிரா திரும்புன பாடம். டீச்சரோட அண்ணன் ஜப்பான்காரன் கூட நின்ன நேதாஜி படையில இருந்தவர்னு ஊருக்கே தெரியும். நான்தான் வாயாடியாச்சே, எந்திரிச்சு "அப்போ நீங்க எந்தப் பக்கம் டீச்சர்?"னு கேட்டுட்டேன். மூஞ்சி செவந்துருச்சு. "ஏறுடி பெஞ்ச் மேல." சாயங்காலம் வரைக்கும் எறக்கல.

1964ல கடைய அரசாங்கம் எடுத்துக்கிச்சு, மே மாசம் 50, 100 கியாட் நோட்டு செல்லாதுன்னாங்க, அப்பா போதும்னுட்டார். சொல்லிட்டு வர போனப்ப டீச்சர் அவங்களாவே ஆரம்பிச்சாங்க. ஜப்பான்காரன் காலத்துல அவங்களுக்கு 19 வயசாம். பக்கத்து வீட்டு பர்மாக்கார அக்கா வெத்தலக் கூடை அடியில ஜப்பானுக்கு எதிரான நோட்டீஸ் வச்சு குடுக்குமாம், இவங்க கொண்டு போய் சேக்கணும், மாட்டினா கெம்பெய்தாய்காரன், அதான் ஜப்பான் ராணுவ போலீஸ், கையில உசுரு மிஞ்சாது.

"பயம் அதுக்கு இல்லடி. எதிர் வீட்டு மாமாவ ரயில் ரோடு போட இழுத்துட்டு போனான், மனுஷன் திரும்பல, அத பாத்துட்டு சும்மா இருக்க முடியல. ஆனா அந்த ஜப்பான்காரன் கூட நின்னுதான் எங்கண்ணன் துப்பாக்கி புடிக்குது, அம்மா தாலி தவிர எல்லா நகையையும் நேதாஜி நிதிக்கு கழட்டி குடுத்துருச்சு. கூடைய தூக்குறப்பல்லாம் அண்ணன காட்டிக் குடுக்குற மாதிரியே இருக்கும். ஒரு நாள் கிணத்தடியிலயே வச்சுட்டு வந்துட்டேன். தூக்கம் வரல, விடியறதுக்குள்ள போய் எடுத்தேன். வெத்தல வாடிப் போச்சு, மேல புதுசு அடுக்கினேன்."

நேதாஜி 1945 ஏப்ரல் 24 ரங்கூன விட்டு கிளம்பினப்புறம் ஊர்ல கொள்ள நடக்காம பாத்துக்க அவர் படை ஜெனரல் லோகநாதன் தலைமையில நின்ன ஆளுங்கள்ல அண்ணனும் ஒருத்தராம். ஒரு நாள் வீட்டுக்கு வந்தாராம்.

"சொன்னீங்களா டீச்சர்?"

"இல்ல. சோறு போட்டேன்."

பெஞ்ச பத்தி அவங்களும் பேசல, நானும் கேக்கல. லெட்டர் போடுடினு ஒரு தாள்ல அட்ரஸ் எழுதி குடுத்தாங்க. வியாசர்பாடி குடிசையில மழை ஒழுகி மை கலைஞ்சு போச்சுனு இத்தன வருஷமா எல்லார்கிட்டயும் சொல்லிட்டு இருக்கேன். தாள் நனையவே இல்ல. டிரங்குப் பெட்டியில இன்னும் இருக்கு.