செக்போஸ்ட்டுக்கு இந்தப் பக்கம்

ஜூன் 9, 2025, திங்கள்
சென்னையில் கணவர் போட்ட கேஸுக்குச் சம்மன் வந்தது. போஸ்ட்மேன் மலையாளத்தில் பேர் கேட்டார், நான் தமிழில் கையெழுத்துப் போட்டு வாங்கினேன். 18-ம் தேதி சென்னையில் வாய்தா.

ஜூன் 10
கிரைண்டர் அங்கேயே கிடக்கிறது.

ஜூன் 12, வியாழன்
அப்பாவுக்குப் பழக்கமான பாலக்காட்டு வக்கீலைப் பார்த்தோம். கேஸை இங்கேயே மாற்றிக் கேட்கலாமே என்றேன். "அதுக்கு டெல்லிக்குப் போகணும் மோளே" என்றார். தமிழ்நாட்டுக்குள்ளேயே ஊர் மாற்ற சி.பி.சி. என்கிற சிவில் நடைமுறைச் சட்டத்தின் 24-ம் பிரிவு, மெட்ராஸ் ஹைகோர்ட் போதும். மாநிலம் தாண்டினால் 25-ம் பிரிவு, சுப்ரீம் கோர்ட் மட்டும்தான். ஹைகோர்ட்டுக்கு அந்த அதிகாரம் கிடையாது என்று 2008-லேயே சொல்லியாயிற்றாம்.

எங்கள் மொட்டை மாடியில் நின்றால் தமிழ்நாட்டுத் தென்னை தெரியும். எல்லையில் இருக்கும் வேலந்தாவளத்தில் பஸ் மாறி இட்லி அரிசி வாங்கி வருகிறார் அம்மா. கல்யாணக் காகிதம் மட்டும் டெல்லி சுற்றி வரணுமாம்.

ஜூன் 15, ஞாயிறு
ராத்திரி பூரா காற்று. தகரம் அடித்துக்கொண்டே இருந்தது, தூக்கமில்லை.

கோயம்புத்தூர் வக்கீல் அக்கா வேறு வழி சொன்னார். பாலக்காட்டை விடு, கோயம்புத்தூரைக் கேள். 24 போதும், டெல்லி வேண்டாம். உனக்கு ரெண்டு ஊரும் ஒரு மணி நேர பஸ்தானே.

அப்பாவுக்குப் பிடிக்கவில்லை. நம்ம கோர்ட் இருக்கும்போது எதுக்கு அங்கே என்கிறார். எனக்குப் பாலக்காடு என்றாலே வயிறு கலங்குகிறது. கொழிஞ்சாம்பாறையில் தமிழ் மீடியம் படித்தவள் நான். மலையாளத்தில் பஸ் போர்டு வாசிப்பேன், மீன்காரரிடம் பேரம் பேசுவேன். என் கணவர் அன்றைக்குச் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவிட்டுச் சொன்ன வார்த்தையைக் கூண்டில் நின்று மலையாளத்தில் எப்படிச் சொல்வேன்? மொழி மாற்றினால் ஏதோ கோபத்தில் பேசினார் என்றுதான் கேட்கும். தமிழில் கேட்டால்தான் அந்த ஒரு வார்த்தைக்குள் என் அம்மாவையும் சேர்த்து இழுத்தது தெரியும்.

கோயம்புத்தூர்தான். அப்பாவிடம் நாளைக்குச் சொல்லலாம்.

ஜூன் 16
சொல்லவில்லை.

ஜூன் 19, வியாழன்
காலையில்தான் சேரன் எக்ஸ்பிரஸில் வந்து இறங்கினேன். போக வர இரண்டு ராத்திரி. பாப்பு என்னைப் பார்த்ததும் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

நேற்று கோர்ட்டில் பதினைந்து நிமிஷம். கவுன்சிலிங். "கொஞ்சம் விட்டுக்கொடுத்துப் போங்களேம்மா." அவர் புதுச் சட்டை போட்டு வந்திருந்தார். நான் எடுத்துக் கொடுக்காத சட்டை. அதையே பார்த்துக்கொண்டிருந்ததில் கேள்வி காதில் விழவில்லை. அடுத்த வாய்தா ஜூலை 23.

கிரைண்டர் பற்றிக் கேட்க வாய் வரவில்லை.

ஜூன் 22
அஃபிடவிட் டிராஃப்ட் வந்திருக்கிறது. "தனியாக நெடுந்தூரம் பயணம் செய்ய இயலாத அபலை." ஆறு வருஷம் அந்த ஊரில் வேலைக்குப் போனவள் நான், மாதம் ஒரு முறை இதே ரயிலில் தனியாக வந்து போனவள். அக்காவிடம் கேட்டேன். "எழுதாட்டி ஜட்ஜுக்கு எப்படித் தெரியும்?" முழங்கால் போன அப்பா, நாலு வயசுக் குழந்தை, வருமானம் இல்லை. இவை மூன்றும் நிஜம். அபலையை மட்டும் அடிக்கச் சொன்னேன்.

ஜூன் 24, செவ்வாய்
அக்கா கொடுத்த ஒரு பழைய தீர்ப்பைப் படித்துவிட்டுச் சாப்பிடவில்லை. 2006, சுப்ரீம் கோர்ட். பெண்களுக்குக் காட்டும் தயவைச் சிலர் தப்பாகப் பயன்படுத்துகிறார்களாம். குழந்தைக்கு ஆறு வயசு, பார்த்துக்கொள்ளத் தாத்தா பாட்டி இருக்கிறார்களே என்று, கேஸை மாற்றக் கேட்ட ஒரு அம்மாவின் மனுவைத் தள்ளிவிட்டார்கள். போக்குவரத்துச் செலவைக் கணவன் கொடுத்தால் போதுமாம். என் அப்பா அம்மா உயிரோடு இருப்பது எனக்கு எதிரான சாட்சி.

அதற்குப் பிறகு 2022-ல் பெண்ணின் வசதியைத்தான் பார்க்கணும் என்று சொல்லியிருக்கிறார்கள், பயப்படாதே என்கிறார் அக்கா.

வீடியோவில் ஆஜரானால் என்ன என்று கேட்டேன். 2017 மார்ச்சில் அப்படிச் செய்யலாம் என்றார்களாம், அதே அக்டோபரில் மூன்று நீதிபதி அமர்வு மாற்றிவிட்டதாம். சமரசம் முறிந்த பிறகு, இரண்டு பேரும் ஒத்துக்கொண்டால் மட்டும். அவர் எதற்குத்தான் என்னோடு ஒத்துப்போனார்?

ஜூன் 27
அப்பாவிடம் சொன்னேன். எதுவும் பேசாமல் தோப்புக்குப் போய்விட்டார்.

ஜூலை 1, செவ்வாய்
மனு போட்டாயிற்று. பாலக்காட்டு வக்கீல் போன் செய்தார். ஜீவனாம்சத்தை இங்கே போடு, மனைவி இருக்கிற ஊரிலேயே போடலாம், அவன் ரயில் ஏறி வரட்டும் என்கிறார். ஒரு நிமிஷம் ஆசையாகத்தான் இருந்தது. பாலக்காடு ஜங்ஷனில் புதுச் சட்டையோடு இறங்கி, போர்டு வாசிக்கத் தெரியாமல் நிற்கட்டும்.

ஜூலை 4
கோயம்புத்தூரில் வாங்கிய கிரைண்டர். கல்யாணச் சீரோடு லாரியில் ஏறியது. அதை மாற்ற எந்தப் பிரிவும் தேவைப்படவில்லை.

ஜூலை 9, புதன்
அவருக்கு நோட்டீஸ் அனுப்ப உத்தரவு ஆகிவிட்டது. சென்னை கேஸுக்கு இன்னும் ஸ்டே கிடைக்கவில்லை. 23-க்குப் போகாவிட்டால் எக்ஸ்பார்ட்டி, நான் இல்லாமலேயே கேஸ் நடந்துவிடும். சேரனில் வெயிட்டிங் லிஸ்ட் 14.

ஜூலை 12
அப்பாவே டிக்கெட் எடுத்து வந்தார். இரண்டு. முழங்காலில் பட்டை போட்டுக்கொண்டு தானும் வருகிறாராம்.

ஜூலை 14
வெயிட்டிங் லிஸ்ட் 9.