ஆர்2 பட்டனும் பிரெஸ்டன் பசங்களின் மூச்சும்

ஈஏவின் கால்பந்து வீடியோ கேமான எஃப்சி 24இல், மேனேஜராக ஒரு கிளப்பை நடத்தும் கேரியர் மோடில் பிரெஸ்டன் நார்த் எண்டை எடுத்து ஒரு சீசன் முழுக்க ஓட்டினேன். கோப்பை வாங்கும் ஆசையெல்லாம் இல்லை. 70ஆவது நிமிடத்துக்கு மேல் டீம் ஏன் நாக்குத் தள்ளிப்போய் நிற்கிறது, அதற்கு மேனேஜர் திரையில் என்ன செய்யலாம், கன்ட்ரோலர் பிடித்த கையால் என்ன செய்யலாம் என்று பிரித்துப் பார்ப்பதுதான் நோக்கம்.

பிரெஸ்டன் எதற்கு? இங்கிலாந்தின் இரண்டாம் நிலை லீகான சாம்பியன்ஷிப்பில் 24 டீம்கள், ஆளுக்கு 46 ஆட்டங்கள். அதற்கு மேல் எஃப்ஏ கோப்பை, கராபாவ் கோப்பை. சனிக்கிழமை ஓர் ஆட்டம், செவ்வாயோ புதனோ இன்னொன்று என்று வாரங்கள் நகரும். பெரிய கிளப் என்றால் ஒரே இடத்துக்கு ஒரே தரத்தில் இரண்டு பேர் இருப்பார்கள், ஸ்டாமினாவைப் பற்றி யோசிக்கவே வேண்டாம். பிரெஸ்டன் அப்படியில்லை. 1888இல் ஃபுட்பால் லீக் தொடங்கியபோது இருந்த 12 கிளப்புகளில் ஒன்று, அந்த முதல் சீசனில் ஒரு லீக் ஆட்டம்கூடத் தோற்காமல் பட்டம் வென்றது என்ற பெருமை உண்டு. ஆனால் இப்போது பணக்காரக் கிளப் இல்லை, பெஞ்சும் மெலிவு. போதாததற்கு ரயன் லோ மேனேஜராக இருந்தபோது நிஜ டீமே 3-5-2 (பின்னால் மூவர், நடுவில் ஐவர், முன்னால் இருவர்) ஆடியது. அந்த அமைப்பில் விங்பேக்குக்கு, அதாவது ஓரத்தில் ஆடுகிறவனுக்கு, ஒரு கோட்டிலிருந்து மறு கோடு வரை ஒற்றை ஆள் காவல். ஸ்டாமினாவைச் சோதிக்க இதைவிட நல்ல இடம் கிடைக்காது என்று அதே அமைப்பை வைத்துக்கொண்டேன்.

ஒரு பாதிக்கு நிஜத்தில் 6 நிமிடம் (திரைக் கடிகாரத்தில் அது 45), வேர்ல்ட் கிளாஸ் கடினம். வேகம், களைப்பு போன்றவற்றைக் கூட்டிக் குறைக்கும் ஸ்லைடர் எதையும் தொடவில்லை.

முதலில் பட்டை. திரையின் அடியில் ஆட்டக்காரர் பெயரோடு ஒரு சின்னப் பட்டை தெரியும் இல்லையா, அதைப் பார்த்துத்தான் பெரும்பாலோர் முடிவெடுக்கிறோம். அதில் இரண்டு கணக்குகள் ஓடுகின்றன. முழு வேகத்தில் ஓடவைக்கும் ஸ்பிரிண்ட் பட்டனை (பிளேஸ்டேஷன் கன்ட்ரோலரில் ஆர்2) அழுத்திப் பிடித்தால் சட்டென்று இறங்கும், விட்டால் மெல்ல ஏறும். இது உடனடி மூச்சு. ஆனால் ஏறும்போது முன்பு இருந்த உயரத்துக்கே திரும்பாது. ஆட்டம் போகப் போக அந்த உச்சமே கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே வரும். இதுதான் நாள் களைப்பு. இடைவேளையில் ஓரளவு திரும்பக் கிடைக்கும், முழுசாகக் கிடைக்காது. அடுத்த ஆட்டத்துக்கு மூட்டை கட்டிக்கொண்டு வருவதும் இந்த இரண்டாவது கணக்குதான். இதைப் புரிந்துகொண்ட பிறகு அடியில் தெரியும் பட்டையைப் பார்ப்பதைக் குறைத்துக்கொண்டேன். ஆட்டத்தை நிறுத்தி டீம் மேனேஜ்மென்ட் திரைக்குப் போனால் பதினொரு பேரையும் ஒரே பார்வையில் பார்க்கலாம். பந்தோடு இருப்பவனுக்கு மூச்சு வாங்குவது கண்ணுக்குத் தெரியும், பந்தில்லாதவனுடையது தெரியாது. பிரச்சினை இரண்டாமவனிடம்தான்.

ஆகஸ்ட், செப்டம்பர்: விரல்

தொடக்க ஆட்டங்களில் ஒரே ஒரு விதி வைத்துக்கொண்டேன். முன்னால் வெறும் புல் இருந்தால் மட்டும் ஆர்2. எதிராளி பக்கத்தில் இருந்தால் விரல் மேலே.

சொல்லச் சுலபம். செய்தால் விரல் அரிக்கும். வருஷக்கணக்காக இந்த கேம்களை ஆடுகிறவர்களுக்கு வலது ஆள்காட்டி விரல் பிறவியிலேயே மடங்கியிருக்கும். பந்து வந்ததும் அது தானாக அழுத்தும். நிஜ ஆட்டக்காரர்களை நினைத்துக்கொண்டேன். ஓர் ஆட்டத்தில் மிட்ஃபீல்டர் ஒருவர் 10, 11 கிலோமீட்டர் கடக்கிறார் என்றால் பெரும்பங்கு நடையும் மெது ஓட்டமும்தான், முழு வேக ஓட்டம் அதில் சிறு துண்டு. நாமோ 90 நிமிடமும் எல்லோரையும் நூறு மீட்டர் பந்தயம் ஓட விடுகிறோம்.

பலன் உடனே தெரிந்தது, ஆனால் எதிர்பார்த்த இடத்தில் இல்லை. ஸ்ட்ரைக்கர்களின் பட்டை இடைவேளைக்குள் நன்றாகவே மிஞ்சியது, அவர்களைத்தான் நான் அதிகம் இழுத்து ஓடுகிறேன் என்பதால். நடு மிட்ஃபீல்டிலும் கொஞ்சம் முன்னேற்றம். விங்பேக் இருவரிடமும் ஏறக்குறைய மாற்றமே இல்லை. 60ஆவது நிமிடத்தில் அவர்கள் பட்டை பாதிக்குக் கீழே போயிருக்கும். நான் விரலை எடுத்தாலும் அவர்களை ஓட வைப்பது வேறு யாரோ என்பது அங்கேதான் உறைத்தது.

எஃப்சி 24இல் புதிதாக வந்த கன்ட்ரோல்ட் ஸ்பிரிண்டையும் இங்கே சொல்லிவிடுகிறேன். பந்து காலில் இருக்கும்போது ஆர்1 பிடித்தால் முழு வேகத்துக்குச் சற்றுக் குறைவாக, பந்தைக் காலோடு ஒட்டிவைத்து ஓடலாம். பக்கவாட்டில் இடம் பிடித்து உள்ளே திரும்ப இது போதும். ஆர்2வுக்கு ஏங்கும் விரலுக்கு ஒரு மாற்று வேலையும் ஆயிற்று.

அக்டோபர், நவம்பர்: பந்து இல்லாதபோது

உண்மையான செலவு இங்கேதான். மூன்று விஷயங்களைத் தனித்தனியாக மாற்றிப் பார்த்தேன்.

ஒன்று, தற்காப்பில் ஆர்1. பிடித்துக்கொண்டே இருந்தால் பக்கத்து ஆள் ஒருவன் கணினியின் கையால் பந்தைத் துரத்துவான், நாம் பின்னால் இடத்தை அடைத்து நிற்கலாம். வசதியான ஏற்பாடுதான், ஆனால் கட்டணம் உண்டு. துரத்துகிறவன் பெரும்பாலும் நடு மிட்ஃபீல்டர். ஒரு பாதி முழுக்க ஆர்1ஐப் பிடித்தே ஆடிவிட்டு இடைவேளையில் திரையைத் திறந்தால், நான் அதிகம் தொடாத மிட்ஃபீல்டர்தான் டீமிலேயே அதிகம் தளர்ந்திருப்பான். அடுத்த ஆட்டத்தில் ஆர்1ஐ எங்கள் பெனால்டி பெட்டிக்கு அருகில் மட்டும் என்று சுருக்கினேன். அந்த ஒரு மாற்றத்திலேயே அலன் பிரவுன் கடைசி வரை நின்று ஆடினார். ஓடிக்கொண்டே இருப்பதற்கு பெயர்போன அப்போதைய கேப்டன் அவர். அவரையே ஒரு மணி நேரத்தில் நான் கவிழ்த்துக்கொண்டிருந்தேன் என்றால் மற்றவர்கள் நிலைமை சொல்ல வேண்டியதில்லை.

இரண்டு, டிஃபென்ஸ் ஸ்டைல், அதாவது பந்து எதிரணியிடம் இருக்கும்போது எவ்வளவு துரத்துவது என்ற தேர்வு. கான்ஸ்டன்ட் பிரஷர் (ஓயாமல் துரத்துவது), பந்தை இழந்ததும் சில நொடி பிரஷர், எதிராளி பந்தைத் தடுமாறி வாங்கினால் மட்டும் பிரஷர், பேலன்ஸ்டு, டிராப் பேக் (துரத்தாமல் பின்வாங்கி நிற்பது) என்று ஐந்து. கான்ஸ்டன்ட் பிரஷர் போட்டால் முதல் 25 நிமிடம் கண்கொள்ளாக் காட்சி, எதிரணி மூச்சுவிட முடியாது. அப்புறம் நம்மால் முடியாது. தற்காப்புக் கோட்டையும் மேலே ஏற்றி வைத்தால் இரட்டைச் செலவு: முன்னால் துரத்தவும் ஓட வேண்டும், தலைக்கு மேல் பந்து போனால் பின்னால் ஓடவும் வேண்டும். இந்தப் பந்தயத்தில் கட்டாயம் தோற்பவர்கள் மூன்று சென்டர் பேக்குகள்.

கேரியரில் டாக்டிகல் விஷன் என்ற ஆட்டப் பாணிகள் ஏழு இருக்கின்றன, பந்தை இழந்ததும் கூட்டாகத் துரத்திப் பறிக்கும் கேகன்பிரெஸ்ஸிங்கும் அதில் ஒன்று. ஆசைக்கு அதைத் தொட்டுப் பார்த்துவிட்டு ஸ்டாண்டர்டுக்கே திரும்பினேன். பயிற்சியாளர் மார்செலோ பியெல்சா 2019-20இல் லீட்ஸை இதே சாம்பியன்ஷிப்பில் பட்டம் வெல்ல வைத்தது அந்த மாதிரி ஓட்டத்தில்தான். ஆனால் அவர் பயிற்சியில் 'மர்டர்பால்' என்று பெயர் எடுத்த, பந்து நிற்கவே நிற்காத ஆட்டத்தை வாராவாரம் ஆடவைத்து உடம்பைத் தயார்செய்தார். ஸ்டாமினா எண் எழுபதை ஒட்டி நிற்கும் ஆட்டக்காரர்களை வைத்துக்கொண்டு அதே திட்டத்தை மெனுவில் தேர்ந்தெடுத்தால் மட்டும் லீட்ஸ் ஆகிவிடாது.

மூன்றாவது, விங்பேக். இதில்தான் அதிக நேரம் செலவிட்டேன், பலனும் அதிகம். தாக்குதலின்போது இருவருமே மேலே ஏறுவார்கள், பந்து போனால் இருவருமே திரும்பி ஓடுவார்கள். நான் இடப்பக்கம் தாக்கும்போது வலப்பக்க விங்பேக்கும் மேலே போய்ச் சும்மா நிற்கிறான், பிறகு சும்மா நின்றதற்காகத் திரும்ப ஓடிவருகிறான். ஒருவனுக்கு 'தாக்குதலில் பின்னால் நில்' என்ற கட்டளை கொடுத்தேன், மற்றவனுக்கு 'மேலே போ'. இடைவேளையில் இருவரின் கட்டளைகளையும் இடம் மாற்றிவிட்டேன். கட்டளையை மாற்ற ஆட்டத்தை நிறுத்தி மெனுவுக்குள் போக வேண்டும், சலிப்பான வேலைதான். ஆனால் 75ஆவது நிமிடத்தில் இருவரிடமும் கொஞ்சம் மிச்சம் இருந்தது. தாக்குதலில் ஓர் ஆள் குறைந்ததை நான் உணரவே இல்லை, ஏனென்றால் எதிர்ப்பக்க விங்பேக்குக்கு நான் பந்தே கொடுப்பதில்லை.

களைத்த ஆள் என்ன செய்கிறான் என்பதையும் இந்த மாதங்களில் கிட்டத்திலிருந்து பார்த்தேன். வேகம் குறைவது எல்லோருக்கும் தெரியும். அதைவிட மோசம் முதல் தொடுகை. பிரெஸ்டனின் சொந்த மைதானமான டீப்டேலில் ஓர் ஆட்டம், 1-0 முன்னிலை, 80ஐத் தாண்டிவிட்டது. சென்டர் பேக்கிலிருந்து இடது விங்பேக்குக்கு ஒரு சாதாரண பாஸ், பத்து மீட்டர்கூட இருக்காது, பக்கத்தில் யாருமில்லை. பட்டை அடிமட்டத்தில் சிவப்பாக இருந்தது. பந்து காலில் பட்டு இரண்டு அடி முன்னால் போனது. எடுக்க அரை அடி வைப்பதற்குள் எதிரணி விங்கர் இடையில் புகுந்துவிட்டான். கிராஸ், ஹெட்டர், 1-1. அவன் வேகமாக ஓடவே தேவையில்லாத இடம் அது. ரீப்ளேயை மெதுவாக ஓட்டிப் பார்த்தேன், உடம்பு திரும்புவதிலேயே ஒரு தாமதம் இருந்தது. அதன்பிறகு கடைசிப் பத்து நிமிடத்தில் களைத்த ஆளிடம் பந்தை அனுப்புவதில்லை என்று வைத்துக்கொண்டேன். அவன் இருக்கும் பக்கத்தையே விட்டுவிட்டு மறுபக்கமாகப் பந்தை நகர்த்துவேன்.

டிசம்பர்: சப் கணக்கு

பாக்ஸிங் டே என்ற டிசம்பர் 26 தொடங்கி புத்தாண்டு நாள் வரை ஒரே வாரத்தில் மூன்று லீக் ஆட்டங்கள். நிஜத்திலும் 2023-24இல் இதே கதைதான்: 26, 29, ஜனவரி 1.

ஐந்து சப் (ஆட்டத்தின் நடுவே மாற்றி இறக்கும் ஆட்டக்காரர்) என்ற விதி வந்ததே இப்படியான நெரிசலில்தான். கொரோனாவுக்குப் பிறகு ஆட்டங்களை அடுக்கடுக்காக நடத்த வேண்டியிருந்ததால் 2020 மே மாதம் தற்காலிகமாக அனுமதித்தார்கள், 2022இல் நிரந்தரமாக்கினார்கள். கேமிலும் ஐந்து கிடைப்பதால் அந்த ஐந்தையும் எந்த நிமிடத்தில் செலவழிப்பது என்பதுதான் டிசம்பரின் கேள்வி.

75க்கு மேல் களைத்தவனை எடுப்பது இந்த ஆட்டத்தைக் காப்பாற்றும். 55க்கும் 60க்கும் நடுவில் இன்னும் களைக்காதவனை எடுப்பது அடுத்த ஆட்டத்தைக் காப்பாற்றும். இரண்டும் வேறு வேறு வேலை. பெரும்பாலோர் முதலாவதற்கே ஐந்தையும் தீர்த்துவிடுகிறோம். நான் இரண்டை எப்போதும் 60க்கு முன்பே கொடுத்தேன்: ஒரு விங்பேக், ஒரு மிட்ஃபீல்டர். ஆட்டம் எப்படிப் போனாலும் இதில் மாற்றமில்லை. தோற்றுக்கொண்டிருக்கும்போது நல்ல ஆட்டக்காரனை வெளியே எடுக்கக் கை வராது, அதற்குத்தான் கடுமையான விதி. மூன்று நாள் கழித்து அவன் எனர்ஜி கிட்டத்தட்ட நிறைந்து நிற்கும். முழு 90 நிமிடம் ஆடியவன் அதே நாளில் அரைகுறையாகத்தான் இருப்பான்.

குவிக் சப் வசதியில் யாருக்கு யார் என்று ஆட்டத்துக்கு முன்பே ஜோடி போட்டுவிட்டேன். பந்து வெளியே போனதும் ஆர்2ஐப் பிடித்தால் பரிந்துரை வரும், எக்ஸ் அழுத்தினால் முடிந்தது. சீசன் முழுக்க நான் ஒதுக்கிவைத்த ஆர்2 கடைசியில் நல்ல காரியத்துக்கும் பயன்பட்டது என்று சொல்லலாம்.

பயிற்சித் திட்டத்தையும் அப்போதுதான் பிரித்தேன். ஆட்டக்காரர் ஒவ்வொருவருக்கும் எனர்ஜி பக்கம் சாய்ப்பதா, ஷார்ப்னெஸ் (ஆட்டக் கூர்மை) பக்கம் சாய்ப்பதா என்று வைக்கலாம். வாராவாரம் தொடக்கத்தில் ஆடுகிறவர்களுக்கு ஆட்டமே ஷார்ப்னெஸ்ஸைக் கொடுத்துவிடும், அவர்களை எனர்ஜியில் போடுங்கள். பெஞ்ச் ஆட்களை ஷார்ப்னெஸ்ஸில் போடுங்கள், இல்லையென்றால் புது மூச்சோடு உள்ளே வந்து துருப்பிடித்த காலோடு ஆடுவார்கள். எல்லோரையும் ஒரே திட்டத்தில் விட்டுவைப்பது டிசம்பரில் கட்டுப்படியாகாது.

புது ஆள் வாங்கும்போது

ஜனவரியில் கையில் காசு குறைவு, ஒரு விங்பேக் மட்டும் வாங்க முடிந்தது. அந்த இடத்துக்கு முதலில் பார்த்தது வேகம் இல்லை. ஸ்டாமினா எண், ஒர்க் ரேட் (தாக்குதலிலும் தற்காப்பிலும் எவ்வளவு ஓடுவான் என்ற குறி), அப்புறம் ரிலென்ட்லெஸ் என்ற பிளேஸ்டைல், அதாவது சிறப்புத் திறன். இது இருப்பவர்கள் மெதுவாகக் களைப்பார்கள், இடைவேளையில் கூடுதலாகத் தேறுவார்கள். ஒர்க் ரேட்டில் தாக்குதல், தற்காப்பு இரண்டுமே ஹை என்று இருந்தால் ஆசைப்பட்டு வாங்காதீர்கள். ஸ்டாமினா எண்ணும் உயரமாக இல்லையென்றால் அவன் தன் மூச்சைத் தானே தின்றுவிடுவான்.

மற்ற கேம்களில் இந்தச் சிந்தனை வேறு விதமாகப் போகிறது. கோனாமியின் பிஇஎஸ் வரிசையில் கேப்டன்சி என்ற திறன் உள்ள ஒருவர் களத்தில் இருந்தாலே மொத்த டீமின் களைப்பும் குறையும், சூப்பர் சப் திறன் உள்ளவர் பிற்பகுதியில் உள்ளே வந்தால் கூடுதல் திறனோடு ஆடுவார். ஃபுட்பால் மேனேஜரில் 2021 பதிப்பிலிருந்து உடல்நிலைக்குச் சதவீதமே காட்டுவதில்லை, இதயக் குறி ஒன்றைக் காட்டி நம்மை ஊகிக்க விடுகிறார்கள். எனக்கு அதுதான் பிடித்த ஏற்பாடு. நிஜ மேனேஜருக்கும் ஆட்டக்காரன் நெற்றியில் எண் எழுதியிருக்காது.

மார்ச் மாதத்துக்குப் பிறகு கை வைக்காமல் விட்ட டி-பேட் அமைப்பை, அதாவது கன்ட்ரோலரின் திசைப் பட்டனால் ஆட்டத்தின் நடுவே மாற்றும் திட்டங்களைத் தருகிறேன், வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம். பேலன்ஸ்டு திட்டத்தில் டெப்த் (தற்காப்புக் கோட்டின் உயரம்) 50க்குச் சற்றுக் கீழே, எதிராளி தடுமாறினால் மட்டும் பிரஷர், ஒரு விங்பேக் பின்னால். அட்டாக்கிங்கில் பந்தை இழந்ததும் பிரஷர், இரு விங்பேக்கும் மேலே; ஒரு பாதியில் பத்து நிமிடத்துக்கு மேல் இதில் நிற்பதில்லை. டிஃபென்சிவில் டிராப் பேக், ஸ்ட்ரைக்கர் இருவரும் முன்னாலேயே நிற்பார்கள், துரத்தத் திரும்பி வரமாட்டார்கள். முன்னிலையில் இருந்தால் 70ஆவது நிமிடத்தில் இதற்கு மாறிவிடுகிறேன். அல்ட்ரா டிஃபென்சிவ், அல்ட்ரா அட்டாக்கிங் இரண்டையும் காலியாகவே விட்டிருக்கிறேன்.

எஃப்சி 25இல் ஒர்க் ரேட்டை எடுத்துவிட்டு, களத்தில் ஒருவரின் வேலையை வரையறுக்கும் பிளேயர் ரோல் கொண்டுவந்திருக்கிறார்கள். அதே 3-5-2ஐ அங்கே வைத்து, விங்பேக் ரோலை மட்டும் மாற்றி மாற்றி ஓட்டிப் பார்ப்பது அடுத்த வேலை.