எரிக் ரோமர்: சின்னக் குழு, நீண்ட ஆயத்தம்

பிரெஞ்சு இயக்குநர் எரிக் ரோமர் 1984 கோடையில் ‘பச்சைக் கதிர்’ படத்தை எடுக்கக் கிளம்பியபோது வயது 64. கையில் 16 மில்லிமீற்றர் கமரா. ஒளிப்பதிவு, ஒலி, தயாரிப்பு ஒவ்வொன்றுக்கும் ஒருவர், மூவரும் பெண்கள். 1986இல் வெனிஸில் தங்கச் சிங்கம் வாங்கியது அந்தப் படம்.

முதல் முழுநீளப் படம் ‘சிங்க ராசி’ ஓடவில்லை. 1962இல் பார்பே ஷ்ரோடருடன் சேர்ந்து ‘லொசாஞ்ச்’ படத் தயாரிப்பு நிறுவனத்தைத் தொடங்கிய பிறகுதான் தன் கணக்கில் படமெடுக்க வழி பிறந்தது. 2010இல் இறந்த அவர், பெரும்பாலான படங்களைச் சிக்கனமாகவே எடுத்தார்.

திருகோணமலையில் குறும்படம் எடுப்பவர்கள் கமரா வாடகையைப் பற்றித்தான் முதலில் கதைக்கிறார்கள். ரோமரிடம் படிக்க வேண்டியது அதற்கு முந்திய வேலையை. நடிகர்களைப் பேசவிட்டு ரெக்கோடரில் பதிந்து, அவர்கள் வாயில் இயல்பாக வந்த சொற்களை உரையாடலில் சேர்ப்பார். 1966இல் ‘லா கொலெக்சியோனஸ்’ படத்தை எடுத்தபோது பிலிம் வாங்கக் காசு போதாது. ஒத்திகையைக் கூட்டி, பெரும்பாலும் ஒரே டேக்கில் முடித்தார். ‘பச்சைக் கதிர்’ உரையாடல்கள் அந்தந்த இடத்தில் பிறந்தவை என்பது உண்மை. அதைப் பார்த்து எல்லாப் படமும் அப்படித்தான் என்று நினைத்து, வசனம் எழுதாமல் படப்பிடிப்புக்குப் போவது பெரிய பிழை. மற்றவை பெரும்பாலும் சொல்லுக்குச் சொல் எழுதப்பட்டவை.

அவர் படங்களில் பின்னணி இசை அரிது. இதை நாம் பின்பற்றினால் ஒலிதான் முதலில் காலை வாரும். கச்சான் காற்று வீசும் மாதங்களில் உப்புவெளிக் கடற்கரையில் வெறும் மைக் பிடித்தால் பேச்சே கேட்காது. மைக்குக்குக் காற்றைத் தடுக்கும் மயிருறை கட்டாயம், ஆளைச் சுவர் மறைவில் நிறுத்துவது இன்னும் நல்லது. அலைச் சத்தம் டேக்குக்கு டேக் மாறும், இசை இல்லாததால் ஒவ்வொரு வெட்டிலும் அது துள்ளும். அதே இடத்தில் யாரும் பேசாமல் இரண்டு நிமிடம் கடலை மட்டும் பதிந்து, எடிட்டிங்கில் அடியில் ஓடவிடுங்கள்.

பச்சைக் கதிர் என்பது சூரியன் அடிவானத்தைத் தொடும் கணத்தில் அதன் மேல் விளிம்பில் மின்னும் பச்சை ஒளி. ‘பச்சைக் கதிர்’ படத்தின் கடைசியில் வரும் அந்த ஒளியைப் பின்னர் கனரித் தீவுகளில் எடுத்தார்கள். அங்கே அது அஸ்தமனம்; நமக்குக் கடலில் சூரியன் உதிக்கிறது, ஆகவே பச்சை முதலில் வரும், வட்டம் பிறகு. நமது பக்கம் சூரியன் ஏறக்குறைய நேராக மேலெழுவதால் அது ஒரு நொடிகூட நிற்காமல் போகலாம். முதல் நாளே அதே இடத்தில் நின்று, உதிக்கும் திசையைத் திசைகாட்டியில் குறியுங்கள். அடுத்த நாள் அரைப் பாகைக்கு மேல் நகராது. 50 மில்லிமீற்றர் லென்ஸில் சூரியன் சென்சரில் அரை மில்லிமீற்றர்கூட வராது, 300 வேண்டும். வைட் பேலன்ஸை (நிறச் சமநிலையை) 5500 கெல்வினில் பூட்டுங்கள், ஓட்டோவில் விட்டால் பச்சையைக் கமராவே கழுவிவிடும். எக்ஸ்போஷரையும் (ஒளியளவையும்) பூட்டி, ஐந்து நிமிடம் முன்பே பதிவை ஓடவிடுங்கள். கண்ணை வியூஃபைண்டரில் வைக்காதீர்கள், திரையில் பாருங்கள். அடிவானத்தில் மெல்லிய முகில் இருந்தாலும் அன்று கிடைக்காது. மாரி மாதங்களில் முயல்வது வீண்.