பழனி நடையில் வலி இடம் மாறிய கதை

இந்தத் தைப்பூசத்துக்குத்தான் முதல்முறையாகப் பழனிக்கு நடந்தேன். குன்றக்குடியில் மலையேறி சண்முகநாதரைக் கும்பிட்டுவிட்டுக் கிளம்பினோம், திருப்பத்தூர், சிங்கம்புணரி, நத்தம், திண்டுக்கல் வழியாக 150 கிலோமீட்டருக்கு மேல். செட்டிநாட்டு நகரத்தார் சமூகத்தின் காவடி தலைமுறை தலைமுறையாக நடந்தே போகிறது. சின்ன வயதில் வாசலில் நின்று நடப்பவர்களுக்கு மோர் ஊற்றிக் கொடுத்ததோடு சரி, அந்தக் கால்கள் என்ன பாடுபடும் என்று எனக்குத் தெரியாது.

முதல் நாள் பிள்ளையார்பட்டி தாண்டியும் உடம்புக்கு ஒன்றுமில்லை, மனசுதான் கனத்தது. முடியுமா, கடையை யார் பார்ப்பார்கள், இதே நினைப்பு. மறுநாள் குதிகாலில் கொப்புளம் வந்ததும் கடை நினைப்பே போய்விட்டது! நடுப்பகலில் தார் சுட்டது, வெறுங்கால், ரோட்டோர வெள்ளைக் கோட்டில் சூடு கொஞ்சம் குறைவு என்பதால் எல்லாரும் அதன்மேலேயே ஒருவர் பின் ஒருவராக நடந்தோம். சிங்கம்புணரிக்குக் கொஞ்சம் முன்னால் ஒரு புளியமரத்தடியில் உட்கார்ந்தவன் அழுதேவிட்டேன்.

கூட வந்த ஆச்சி ஒருவர் ஊசியில் மஞ்சள் தடவிய நூலைக் கோத்துக் கொப்புளத்தில் இந்தப் பக்கம் குத்தி அந்தப் பக்கம் இழுத்து, நூலை அப்படியே விட்டுவிட்டார். "தோலைப் பிய்ச்சிராதப்பா, தண்ணி தானா வடிஞ்சிரும். எந்திரி, ரொம்ப நேரம் உட்கார்ந்தா கால் பிடிச்சுக்கும்."

அவர் சொன்னது சரிதான், எழுந்ததும் முதல் பத்து அடிதான் உயிர் போனது, அப்புறம் கால் சூடேறி வழிவிட்டது.

நத்தம் தாண்டியபோது வலி பழகிவிட்டது, ஆனால் கோபம் வந்தது. தண்ணீர் பாட்டிலுக்காக மச்சானிடம் கத்தினேன். கிலோமீட்டர் கல்லைப் பார்க்கும்போதெல்லாம் எரிச்சல். திண்டுக்கல்லுக்கு அப்புறம் கல்லைப் பார்ப்பதையே விட்டுவிட்டு, அடிக்கு ஒரு "வேல் வேல்" என்று மூச்சோடு சேர்த்துச் சொல்லிக்கொண்டே நடந்தேன், அதில்தான் மனசு அடங்கியது. பழனி மலை கண்ணில் பட்டபோது யாரோ "அரோகரா" என்றார்கள். எனக்குத் தொண்டை அடைத்துக்கொண்டது.

காவடி எடுத்தவர்கள் திரும்பவும் நடந்தே வருவார்கள். எனக்கு அந்தக் கொடுப்பினை இல்லை, பஸ்ஸில்தான் வந்தேன், வீங்கிய கால் செருப்புக்குள் நுழையவில்லை. சிங்கம்புணரி நெருங்கும்போது அந்தப் புளியமரத்தைத் தேடிக்கொண்டே வந்தேன். தெரிந்ததும் ஜன்னல் வழியாகக் கையெடுத்துக் கும்பிட்டேன்.