வீட்டுக்கு முன்னால் இருந்த 4 பேர்ச்சஸ்

கொழும்பு முகத்துவாரத்தில் அப்பா 1991இல் வாங்கிய காணி 11 பேர்ச்சஸ் (இலங்கையில் காணியை அளக்கும் அலகு). வீதி அகலிப்புக்காக அதில் 4 பேர்ச்சஸை அரசு எடுத்துக்கொண்டது. முன்மதில், இரும்புப் படலை, அம்மா நட்டு வளர்த்த செவ்விளநீர்த் தென்னை, விறாந்தையின் பாதி ஆகிய எல்லாம் அந்தத் துண்டிலேயே இருந்தன. இன்று முன்கதவைத் திறந்து கால்வைத்தால் அது நடைபாதையில்தான் படுகிறது. வீதி வேண்டாம் என்று நாங்கள் ஒருநாளும் சொன்னதில்லை. எடுத்ததற்கு உரிய விலையைத் தாருங்கள் என்பதே எங்கள் கோரிக்கை.

தீர்மானிக்கப்பட்ட நட்டஈட்டுத் தொகையை அறிவித்த கடிதம் சிங்களத்தில் மட்டுமே வந்தது. ஆரம்பத்தில் மின்கம்பத்தில் ஒட்டப்பட்ட அறிவித்தல் மும்மொழிகளிலும் இருந்தபோது, எங்கள் பெயருக்கு வந்த கடிதம் மாத்திரம் ஏன் ஒரே மொழியில் இருக்க வேண்டும்? அயலவர் ஒருவர் வாசித்துச் சொன்னபோதுதான், ஒரு பேர்ச்சுக்குக் கணிக்கப்பட்டிருந்த விலை அதே ஒழுங்கையில் விற்கப்பட்ட காணிகளின் விலையில் பாதிக்கும் குறைவு என்பது தெரிந்தது. விளக்கம் கேட்கப் போன அப்பாவிடம், "இந்தச் சின்னத் துண்டைத் தனியாக விற்றால் யார் வாங்குவார்கள், ஐயா?" என்று அதிகாரிகள் கேட்டிருக்கிறார்கள். அப்பா பதில் சொல்லாமல் திரும்பி வந்துவிட்டார்.

அந்தக் கேள்விக்குச் சட்டத்திலேயே பதில் இருக்கிறது. 1950ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் காணி எடுத்தற் சட்டத்தின் 45ஆம் பிரிவு, எடுக்கப்படும் காணியைத் தனியானதொரு காணியாகக் கருதி, திறந்த சந்தையில் அது பெறக்கூடிய விலையையே சந்தைப் பெறுமதி என்கிறது என்பது உண்மையே. ஆனால் அவ்வாறு கணித்தால் ஒரு பெரிய காணியிலிருந்து வெட்டியெடுத்த துண்டுக்கு அநியாயமாகக் குறைந்த விலை கிடைக்கும் என்பதனால், 2009 ஜனவரியில் வர்த்தமானியில் வெளியான நட்டஈட்டு ஒழுங்குவிதிகள், அத்தகைய துண்டுக்கு முழுக்காணியின் பெறுமதிக்கு விகிதசமமாகவே நட்டஈடு வழங்கப்பட வேண்டும் என்று கூறுகின்றன. எங்கள் 4 பேர்ச்சஸை யாரும் தனியாக வாங்கமாட்டார்கள்தான். நாங்களும் அதைத் தனியாக விற்க நினைக்கவில்லையே.

திகதியும் எங்களுக்குப் பாதகமாகவே அமைந்தது. காணியை எடுக்கப்போவதாக அதே சட்டத்தின் 7ஆம் பிரிவின் கீழ் விடுக்கப்படும் அறிவித்தல் வர்த்தமானியில் வெளியாகும் நாளின் விலையே கணக்கில் எடுக்கப்படும். எங்களுக்கு அந்த நாள் 2019இல். தொகை அறிவிக்கப்பட்டதோ 2023இல். இடையில், 2022 செப்டெம்பரில், கொழும்பில் பணவீக்கம் 69.8 சதவீதத்தைத் தொட்டது. காணி கையேற்கப்பட்ட நாளிலிருந்து வட்டி உண்டு என்றாலும், அந்த வட்டியைக் கொண்டு இடித்த மதிலைத் திரும்பக் கட்டி முடிக்க இயலாது.

எங்கள் பக்கத்திலும் ஒரு பிழை உண்டு. உரிமைக் கோரிக்கையை எழுத்தில் கேட்டபோது, "நியாயமான நட்டஈடு தரவும்" என்று ஒரே வரியில் எழுதிக் கொடுத்துவிட்டோம். 46ஆம் பிரிவின்படி, நிலத்தின் விலை மட்டுமன்றி, துண்டாடப்பட்டதனால் எஞ்சிய காணிக்கு ஏற்படும் இழப்பையும் தனியாகக் கோரலாம் என்பதைப் பிறகே அறிந்தோம். எங்களுடைய 7 பேர்ச்சஸில் இனி ஒரு முச்சக்கரவண்டியை நிறுத்தவும் இடமில்லை. அதற்கும் ஒரு பெறுமதி உண்டு.

நட்டஈட்டுத் தொகை போதாது என்றால் மீளாய்வுச் சபைக்கு மேன்முறையீடு செய்யக் கிடைப்பது 21 நாட்கள். காணிப் பதிவகத்தில் அயற்காணிகளின் உறுதிகளைத் தேடியெடுப்பதிலேயே அவற்றில் பாதி கழிந்தது. முத்திரை வரியைக் குறைப்பதற்காக உண்மை விலையை மறைத்து எழுதப்பட்ட ஓர் உறுதியையும் கண்டோம். அது எங்களுக்கு எதிரான சான்றாகவே நிற்கும் என்பதால், உண்மை விலை எழுதப்பட்ட மூன்றை மட்டும் சேர்த்து, 19ஆவது நாளில் மனுவைக் கையளித்தோம்.

தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பித்து மதிப்பீட்டு அறிக்கையின் பிரதியையும் பெற்றோம். அது இரண்டே பக்கங்கள். "மதில், படலை, தென்னை 1" என்று குறித்திருக்கிறார்கள். விறாந்தையைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை. அக்காவின் திருமணத்தன்று அதே விறாந்தையில் எல்லோரும் நின்று எடுத்த படமொன்று வீட்டில் இருந்தது. சிவப்புச் சீமெந்துத் தரையும் இரண்டு தூண்களும் அதில் தெளிவாகத் தெரிகின்றன. மீளாய்வுச் சபையின் அடுத்த தவணைக்கு அந்தப் படத்தையும் கொண்டுபோகிறோம்.