டாங் ஞாட் மின் படங்களோடு சில இரவுகள்

ஜூன் 7

இன்று பார்த்தது ‘பத்தாம் மாதம் எப்போது வரும்’. 1984இல் வந்த கறுப்பு வெள்ளை வியட்நாம் படம். இயக்கியவர் டாங் ஞாட் மின்.

போர்முனையில் இருக்கும் கணவனைப் பார்க்கப் போன துயென், அவன் இறந்துவிட்ட செய்தியோடு ஊர் திரும்புகிறாள். நோயாளி மாமனாரிடம் அதைச் சொல்ல வாய் வரவில்லை. ஊர் ஆசிரியர் காங், கணவன் எழுதுவதுபோல் கடிதம் எழுதித் தருகிறார். மாமனார் முகம் மலர்கிறது. ஊர் வாய் சும்மா இருக்குமா? இருவரையும் சேர்த்துப் பேச ஆரம்பிக்கிறது.

ஊர் நாடகத்தில், போருக்குப் புறப்படும் கணவனுக்கு விடைகொடுக்கும் மனைவி வேடம் துயெனுக்கு. வசனம் பேசப் பேச அழுகை முட்டுகிறது, பாதியில் மேடையை விட்டு ஓடிவிடுகிறாள். துயெனாக வரும் லே வான் அந்த இடத்தில் நடித்ததாகவே தெரியவில்லை.

ஜூன் 8

படம் மனதை விட்டுப் போகவில்லை. உயிரோடு இருப்பவர்களும் இறந்தவர்களும் கூடும் சந்தையில் துயென் கணவனைச் சந்திக்கிறாள். மூடநம்பிக்கை என்று சொல்லித் தணிக்கையில் அதை எதிர்த்தார்களாம். நல்லவேளை, காட்சி பிழைத்தது. துயென் மனம்விட்டுப் பேச படத்தில் வேறு இடமே இல்லை. 2008இல் சிஎன்என் ஆசியாவின் தலைசிறந்த 18 படங்களில் இதையும் சேர்த்தது.

ஜூன் 11

இயக்குநர் டாங் ஞாட் மின்னின் வாழ்க்கையைப் படித்தேன். 1938இல் ஹுவே நகரில் பிறந்தவர். சோவியத் நாட்டில் ரஷ்ய மொழி படித்துவிட்டு வந்து, சினிமாத் துறையில் மொழிபெயர்ப்பாளராக நுழைந்தார். இயக்கத்தைத் தானாகவே கற்றுக்கொண்டார்.

அப்பா டாங் வான் ஙு மருத்துவர். பிரெஞ்சுக்காரர்களுக்கு எதிரான போரின்போது காட்டுக்குள் பெனிசிலின் தயாரித்தவர். 1967இல் மலேரியா ஆய்வுக்காகப் போர்முனைக்குப் போனவர் அமெரிக்கக் குண்டுவீச்சில் இறந்தார். இதைப் படித்த பிறகு துயெனின் மௌனம் எனக்கு வேறு மாதிரி கேட்கிறது. மகனுக்கும் ஒருநாள் அப்படி ஒரு செய்தி வந்திருக்கிறதே.

ஜூன் 15

‘கொய்யாப் பருவம்’, 2000. சிறுவயதில் கொய்யா மரத்திலிருந்து விழுந்த ஹோவாவுக்கு உடல் வளர்ந்தது, மனம் அந்த வயதிலேயே நின்றுவிட்டது. ஹனோயில் அவர்கள் குடும்ப வீட்டில் இப்போது வேறொருவர் குடியிருக்கிறார். மரத்தைப் பார்க்க அவன் சுவர் ஏறுகிறான், போலீஸ் பிடிக்கிறது. அரசாங்கம் வீடுகளை எடுத்துக்கொண்ட கதையை இவ்வளவு மென்மையாக, அதே சமயம் இவ்வளவு தைரியமாகச் சொல்ல முடியும் என்று நான் நினைத்ததில்லை.

ஜூன் 19

‘எரிக்காதே’, 2009. போர்க்களத்தில் 1970இல் கொல்லப்பட்ட இளம் மருத்துவர் டாங் துய் ட்ராமின் நாட்குறிப்பு அமெரிக்கர்கள் கையில் சிக்குகிறது. தீயில் போடப்போகும் நேரத்தில், “எரிக்காதீர்கள், இதற்குள்ளேயே நெருப்பு இருக்கிறது” என்று தடுத்தவர் அவர்களுடைய வியட்நாமிய மொழிபெயர்ப்பாளர். அமெரிக்கப் படையில் இருந்த ஃபிரெட் வைட்ஹர்ஸ்ட் அதை 35 ஆண்டு பத்திரமாக வைத்திருந்தார். 2005இல்தான் அவள் அம்மாவுக்குச் சேதி கிடைத்தது.

போரில் இறந்த ஒரு மருத்துவரின் கதையை, போரில் இறந்த மருத்துவரின் மகன் எழுபது வயது தாண்டி எடுத்திருக்கிறார். கூடவே அந்த அமெரிக்கரின் குடும்பத்தையும் அன்போடு காட்டுகிறார். அதுதான் என்னை அசைத்துவிட்டது.

அடுத்து ‘மல்லிகை’. 2022இல், 84 வயதில் எடுத்தது. எங்கே பார்க்கக் கிடைக்கும் என்று தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.