கார்மென் சான்டோஸ் படப்பட்டியல்: ஒரே தலைப்பு, இரண்டு படம்

பிரேசில் நடிகை கார்மென் சான்டோஸின் பட்டியலில் இருந்த பெரிய முடிச்சு அவிழ்ந்துவிட்டது. ‘ஒன்டே அ டெர்ரா அகாபா’ ஒரு படம் அல்ல, இரண்டு. ஒரே வரியில் போட்டிருந்தவரை இயக்குநர், இடம், ஆண்டு எதுவுமே ஒட்டவில்லை.

முதலாவது, 1931இல் இயக்குநர் மாரியோ பெய்ஷோட்டோ தொடங்கியது. மரம்பாயா கடற்கரைப் பக்கம் படப்பிடிப்பு. பணம் போட்டவரும் நாயகியும் கார்மென்தான். இருவருக்கும் முட்டிக்கொண்டு படம் பாதியில் நின்றது. இரண்டாவது, 1933இல் வெளியானது. ஒக்டாவியோ கபூஸ் மென்டெஸ் இயக்கம், சினெடியா ஸ்டுடியோ, ஜோசே டெ அலென்காரின் ‘சென்யோரா’ நாவலைத் தழுவிய கதை. தலைப்பும் நாயகியும் ஒன்றுதான், இயக்குநர் வேறு. பெய்ஷோட்டோவைப் பற்றி செர்ஜியோ மஷாடோ எடுத்த ஆவணப்படத்துக்கும் இதே பெயர் என்பதால் இணையத் தேடலில் அதுவும் வந்து கலக்கிறது.

புகைப்படம் கிடைத்தால் அடியில் போட்டிருக்கும் ஆண்டை நம்பக் கூடாது. உடன் இருக்கும் பெயரைப் பாருங்கள். பெய்ஷோட்டோ, மரம்பாயா என்று இருந்தால் முதல் படம். கபூஸ் மென்டெஸ், சினெடியா என்றால் இரண்டாவது. இரண்டுமே இல்லாத புகைப்படத்தைத் தனி உறையில் வையுங்கள், ஊகித்து ஒட்டாதீர்கள்.

ரியோ தேசிய நூலகத்தின் எண்மப் பத்திரிகைக் காப்பகம் இலவசம். இந்த வேலைக்கு அதைவிட நல்ல இடம் கிடையாது. ஆனால் வெறும் ‘சான்டோஸ்’ போட்டால் அதே பெயருள்ள துறைமுக ஊரின் கப்பல் செய்தியெல்லாம் கொட்டும். முழுப்பெயரை மேற்கோள் குறிக்குள் போட்டு, பத்தாண்டு பத்தாண்டாகத் தேட வேண்டும். கார்மென் என்பதன் கடைசி எழுத்தை ‘எம்’ ஆக மாற்றி இன்னொரு முறை. ‘ஃபவேலா’வுக்கு அக்காலத்தில் இரட்டை ‘எல்’. இன்றைய எழுத்தில் தேடினால் 1935ஆம் ஆண்டின் ‘ஃபவேலா டோஸ் மெயுஸ் அமோரெஸ்’ விளம்பரங்கள் தப்பிவிடும். அவரது நிறுவனமும் முதலில் ‘பிரேசில் வாக்ஸ்’, பிறகுதான் ‘பிரேசில் வீட்டா’. இரண்டையும் தேடுங்கள். குறுகிய பத்தியில் பெயர் இரண்டு வரியாக உடைந்திருந்தால் எந்திர வாசிப்பு கோட்டைவிடும். ஆகவே 1926இல் தொடங்கிய ‘சினெயார்ட்டே’ திரைப்பட இதழின் பிரேசில் படப் பக்கங்களை மட்டுமாவது கண்ணால் புரட்டத்தான் வேண்டும். அலுப்பான வேலைதான், ஆனால் வேறு வழியில்லை.

பட்டியலின் கட்டங்களை ‘தொடங்கியது, முடிந்தது, திரையிட்டது, பிரதி இருக்கிறது’ என்று நான்காகப் பிரித்தால்தான் இவரது வாழ்க்கை புரியும். ஆண்டு என்று ஒரே கட்டம் வைப்பவர்கள் அவருக்கு அநியாயம் செய்கிறார்கள். 1919இன் ‘உருட்டாவ்’ வணிகரீதியாக வெளியாகவே இல்லை. இருபதுகளில் சொந்த நிறுவனம் தொடங்கி எடுத்த ‘அ கார்னே’, ‘மடமுவாசேல் சினெமா’ இரண்டும் திரைக்கு வரவில்லை. நடிக்க வந்து பத்து ஆண்டு கழித்து, 1929இல் உம்பெர்டோ மவுரோவின் ‘சாங்கே மினெய்ரோ’வில்தான் மக்கள் அவரைத் திரையில் பார்க்கிறார்கள். அதிலும் அவர் பணம் இருந்தது. பெய்ஷோட்டோவின் ‘லிமிட்டே’யில் சிறு வேடம்தான், 1931 மே 17 அன்று ரியோவின் கப்பிட்டோலியோ அரங்கில் காட்டியதைத் திரையிட்ட கட்டத்தில் எழுதலாம், வணிக வெளியீடு என்று எழுதக் கூடாது.

மவுரோ இயக்கிய ‘ஃபவேலா’, ‘சிடாடே முல்யெர்’ இரண்டுக்கும் இன்று பிரதி இல்லை, ‘அர்ஜிலா’ இருக்கிறது. கார்மெனே இயக்கி நடித்த ‘இன்கொன்ஃபிடென்சியா மினெய்ரா’ முப்பதுகளின் பிற்பகுதியில் தொடங்கி 1948இல்தான் வெளியானது. அந்த வரி இன்னும் பாதி காலி. படப்பிடிப்புச் செய்திகளைத் தேதிவாரியாக அடுக்க வேண்டும்.

அதற்குள் அக்காலத்து இன்னொரு பிரேசில் நடிகை ஏவா நீலுக்கும் அட்டை போட்டாகிவிட்டது. கட்டாகுவாசெஸ் ஊரில் வாழ்ந்தவர், தந்தை பெட்ரோ கொமெல்லோ புகைப்படக்காரர். அங்கே முதல் வேலை, ‘பிராசா டொர்மிடா’ படத்திலிருந்து அவர் விலகியதற்கு முன்னும் பின்னும் வந்த இதழ்களைப் பிரிப்பது.